மாஸ்டர் பிளானோடு சேர்ந்து வயதாகிறவர்: சென்னையில் நகரத் திட்டமிடல் பேராசிரியரின் பணி

நகரத்தில் எந்த நிலம் எதற்குப் பயன்பட வேண்டும் என்று வகுப்பது மாஸ்டர் பிளான். சென்னையின் முதல் மாஸ்டர் பிளான் 1975இல் நடைமுறைக்கு வந்தது. இரண்டாவது பிளானின் வரைவு 1995லேயே தயாராகிவிட்டது. ஆனால் வழக்கு, திருத்தம், மறுவரைவு என்று இழுத்து அது ஒப்புதல் பெற்றது 2008 செப்டம்பரில். இடையில் 33 ஆண்டுகள். முதல் பிளான் வந்த வருடம் விரிவுரையாளராக வேலைக்குச் சேர்ந்த ஒருவர், இரண்டாவது பிளான் வரும்போது பேராசிரியராகி ஓய்வும் பெற்றிருப்பார். 2008இல் சேர்ந்தவர் 2046 வரைக்கான மூன்றாவது பிளானின் தொடக்கத்தைப் பார்ப்பார், முடிவைப் பணியில் இருந்து பார்க்க மாட்டார். மற்ற துறைப் பேராசிரியர்களுக்கு இல்லாத ஒரு சிக்கல் இது. தன் பாடம் உண்மையிலேயே பலித்ததா என்று சோதித்துப் பார்க்க ஒரு முழுப் பணிக்காலம் தேவைப்படுகிறது.

அந்த 33 ஆண்டுகளில் யார் யார் வந்து போனார்கள் என்று யோசித்துப் பாருங்கள். மாஸ்டர் பிளானைத் தயாரிக்கும் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம், அதாவது எழும்பூர் தாளமுத்து நடராசன் மாளிகையில் இருக்கும் சிஎம்டிஏவின் உறுப்பினர் செயலராக ஒரு ஐஏஎஸ் அதிகாரி சில ஆண்டுகள் இருப்பார், மாற்றலாகிப் போய்விடுவார். அமைச்சர்கள் தேர்தலோடு மாறுவார்கள். ஆலோசனை நிறுவனம் கடைசி பில் பாஸானதும் அடுத்த ஊர் வேலைக்குப் போய்விடும். கடன் கொடுத்த வங்கி, திட்டம் முடிந்ததும் நிறைவறிக்கை எழுதிக் கோப்பை மூடிவிடும். சிஎம்டிஏவின் சொந்தப் பிளானர்கள் முப்பது வருடம் அங்கேயே இருக்கிறார்கள், எல்லாம் தெரிந்தவர்கள். ஆனால் அரசு ஊழியர் என்பதால் தெரிந்ததை வெளியே எழுத முடியாது. ஒரு பிளானில் ஒரு விதி ஏன் எழுதப்பட்டது, அது எப்படி மீறப்பட்டது, இருபது வருடம் கழித்து அந்த இடம் என்ன ஆனது என்ற மூன்றையும் பார்த்து, பார்த்ததை எழுதவும் வாய்ப்புள்ளவர் பல்கலைக்கழக ஆசிரியர்தான். ஆனால் அவருக்குப் பதவி உயர்வு தரும் விதிகளில், ஒரே ஊரை இப்படிப் பல வருடம் கவனித்துக்கொண்டே இருப்பதற்கு இடமே இல்லை. சென்னைக்கு இது எவ்வளவு பெரிய இழப்பு என்பதை விளக்கத்தான் இந்தக் கட்டுரை.

சரி, இந்த வேலைக்கு ஒருவர் எப்படி வருகிறார்? பெரும்பாலானவர்கள் ஐந்து வருட பி.ஆர்க். முடித்தவர்கள். சிவில் படித்தவர்களும், புவியியல், பொருளாதாரம், சமூகவியல் படித்தவர்களும் உண்டு. அதற்குப் பிறகு இரண்டு வருட முதுநிலைத் திட்டமிடல் படிப்பு. சென்னையில் இதற்கான பழைய இடம் கிண்டியில் உள்ள கட்டிடக்கலை மற்றும் திட்டமிடல் பள்ளி. 1957இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் கீழ் தொடங்கி, 1978இல் அண்ணா பல்கலைக்கழகம் உருவானபோது அதன் அங்கமானது. அதே பல்கலைக்கழகத்தின் இன்னொரு அங்கமான கிண்டிப் பொறியியல் கல்லூரியின் வேர் 1794இல் தொடங்கிய நில அளவைப் பள்ளி என்பதை இங்கே சொல்லத் தோன்றுகிறது. நிலத்தை அளக்கக் கற்றுக்கொடுப்பது அந்த மரபுக்குப் புதிதில்லை.

படிப்பு முடிந்ததும் மாணவர்கள் சிஎம்டிஏ, டிடிசிபி என்கிற நகர் ஊரமைப்பு இயக்ககம், தனியார் ஆலோசனை நிறுவனங்கள், ரியல் எஸ்டேட் என்று பிரிந்து போவார்கள். கற்பிக்க வருகிறவர்கள் கொஞ்சம் பேர்தான். உதவிப் பேராசிரியராகச் சேர்ந்து, வேலை பார்த்துக்கொண்டே பிஎச்.டி. முடித்து, இணைப் பேராசிரியர், பேராசிரியர் என்று ஏற வேண்டும். ஏஐசிடிஇ என்கிற அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழுவின் 2019 விதிகளின்படி பேராசிரியராவதற்கு பிஎச்.டி.யும் 10 ஆண்டு அனுபவமும் வேண்டும். அதில் குறைந்தது 3 ஆண்டு இணைப் பேராசிரியர் நிலையில் இருந்திருக்க வேண்டும். அங்கீகரிக்கப்பட்ட ஆய்விதழ்களில் கட்டுரைகள் வெளியாகியிருக்க வேண்டும். பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) 2018 விதிகளில் இது இன்னும் பச்சையாகவே இருக்கிறது: நேரடியாகப் பேராசிரியராகத் தேர்வாக 10 கட்டுரைகள், 120 ஆய்வு மதிப்பெண்.

இந்த எண்களில் வராத ஒரு பெரிய வேலை ஸ்டூடியோ. திட்டமிடல் படிப்பின் உயிர் அங்கேதான் இருக்கிறது. அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

ஒரு பருவத்துக்கு ஒரு இடத்தை எடுத்துக்கொள்வார்கள். ஒரு வார்டாக இருக்கலாம், ஒரு சிறு நகரமாக இருக்கலாம், புறநகரில் ஒரு வருவாய்க் கிராமமாகவும் இருக்கலாம். மாணவர்கள் முதலில் தாலுகா அலுவலகத்துக்குப் போய் கிராம வரைபடம், எஃப்எம்பி என்கிற புல அளவைப் படம், எந்த நிலம் என்ன வகை என்று சொல்லும் அ பதிவேடு எல்லாம் சேகரிக்க வேண்டும். அப்புறம் வீடு வீடாக சர்வே. தண்ணீர் எங்கிருந்து வருகிறது, வாடகை எவ்வளவு, வேலைக்கு எந்த பஸ், மழை பெய்தால் எந்தத் தெருவில் எவ்வளவு நேரம் தண்ணீர் நிற்கிறது என்று கேட்டு எழுத வேண்டும். மாஸ்டர் பிளானின் நிலப் பயன்பாட்டு வரைபடத்தை இதன்மேல் வைத்துப் பார்க்கும்போதுதான் பாடம் தொடங்குகிறது. அ பதிவேட்டில் ஏரி என்று இருக்கும். பிளானில் குடியிருப்பு என்று வண்ணம் பூசியிருக்கும். நேரில் போனால் நாலு மாடி அடுக்ககம் நிற்கும், அதன் பெயரிலேயே ஏதாவது ஒரு நீர்நிலை இருக்கும். இந்த மூன்றில் எது முதலில் வந்தது, யார் உத்தரவில் வந்தது என்று தேடிப் போகும் மாணவர், நகரத் திட்டமிடலை வகுப்பறையில் கற்பதைவிட அதிகமாகக் கற்றுவிடுவார்.

சென்னையில் இந்தத் தேடல் அரசாங்கத்தின் வாசலிலேயே கொண்டுபோய் விடும். தி.நகர் என்கிற பேட்டையே 1920களில் பழைய நீண்ட ஏரியின் தரையில் போடப்பட்டது. 1920ஆம் வருடத்துச் சென்னை நகரத் திட்டமிடல் சட்டம் வந்த கையோடு நடந்த வேலை அது. மேற்கு மாம்பலத்தில் இன்றும் லேக் வியூ ரோடு இருக்கிறது, பார்க்க லேக் இல்லை. வள்ளுவர் கோட்டம் நிற்பது நுங்கம்பாக்கம் ஏரி இருந்த இடத்தில். முகப்பேரில் வீட்டு வசதி வாரியம் மனை போட்ட பகுதிக்கே மக்கள் வைத்திருக்கும் பெயர் ஏரி ஸ்கீம். இதையெல்லாம் குற்றப்பத்திரிகை வாசிப்பதுபோலச் சொல்லிவிட்டுப் போவது சுலபம். நல்ல ஆசிரியர் அடுத்த கேள்வியைக் கேட்க வைப்பார்: பாசனம் இல்லாமல் போன ஏரியை அன்றைய பொறியாளர் ஏன் காலி நிலமாகப் பார்த்தார்? வெள்ளத்தைத் தாங்கும் இடம் என்று அதைப் பார்க்க நமக்கு 2015 டிசம்பர் வரை ஏன் ஆனது? இந்தக் கேள்விகளோடு படித்து வெளியே போன மாணவர் நாளைக்கு ஒரு நிலப் பயன்பாட்டு மாற்றக் கோப்பில் கையெழுத்துப் போடும் இடத்தில் உட்காருவார். பேராசிரியரின் வேலை நகரத்தைத் தொடுவது அந்தக் கையெழுத்தில்தான். எந்த ஆய்விதழிலும் அது வெளியாவதில்லை.

பட்டம் வாங்காத முன்னோடி

இந்தத் துறைக்கு முன்னோடியாகக் கருதப்படும் பேட்ரிக் கெடஸ் சென்னையின் அழைப்பில்தான் இந்தியாவுக்கு வந்தார். ஸ்காட்லாந்துக்காரர், 1854இல் பிறந்தவர். அவரைக் கூப்பிட்டவர் அன்றைய சென்னை கவர்னர் பென்ட்லண்ட் பிரபு. நகரங்கள் பற்றி கெடஸ் சேர்த்து வைத்திருந்த வரைபடங்கள், படங்கள் அடங்கிய கண்காட்சியைச் சென்னையில் வைப்பதாக ஏற்பாடு. 1914 செப்டம்பரில் சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைக் குண்டு வீசி எரித்த எம்டன் கப்பலை நமக்குத் தெரியும். அதே எம்டன் அடுத்த மாதம் அரபிக் கடலில் மூழ்கடித்த கப்பல்களில் ஒன்று கிளான் கிராண்ட். கெடஸின் கண்காட்சி முழுவதும் அதில்தான் வந்துகொண்டிருந்தது. பல ஆண்டு உழைப்பு கடலுக்குள் போனது. நண்பர்கள் பிரிட்டனில் அவசர அவசரமாகப் புதிதாகச் சேர்த்து அனுப்பியதை வைத்து, 1915 ஜனவரியில் மெரினாவை ஒட்டிய செனட் ஹவுஸில் கண்காட்சி நடந்தது.

அதோடு அவர் நிற்கவில்லை. தஞ்சாவூர், மதுரை, காஞ்சிபுரம் என்று நடந்தே பார்த்து, சென்னை மாகாணத்து ஊர்களைப் பற்றி அரசுக்கு அறிக்கை எழுதினார். தஞ்சாவூர்க் கோட்டைக்குள் நெருக்கத்தைக் குறைக்க நேர்நேராகச் சாலை வெட்டும் யோசனை அப்போது இருந்தது. வேண்டாம் என்றார் கெடஸ். இடிந்து கிடக்கும் வீடுகளை மட்டும் எடுங்கள், சந்துகளுக்குக் காற்றும் வெளிச்சமும் வரட்டும், கோயிலையும் குளத்தையும் மரத்தையும் விட்டுவிடுங்கள், மக்கள் இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும் என்பது அவர் வழி. முதலில் நடந்து பார், கேள், பதிவு செய், பிறகு பேனாவை எடு என்பதுதான் அவர் கற்றுக்கொடுத்தது. இன்றைய ஸ்டூடியோ சர்வேயின் வேர் இதுவே.

இப்போது அவருடைய பணி வாழ்க்கையைப் பார்ப்போம். கெடஸ் எந்தப் பல்கலைக்கழகத்திலும் படித்துப் பட்டம் வாங்கவில்லை. உயிரியல் படித்தவர். 1888 முதல் 1919 வரை டண்டீயில் தாவரவியல் பேராசிரியர். அந்தப் பதவிக்கு ஒரு நிபந்தனை: வருடத்தில் ஒரு பருவம் பாடம் நடத்தினால் போதும். மீதி மாதங்களில் அவர் எங்கே வேண்டுமானாலும் போகலாம், எதை வேண்டுமானாலும் செய்யலாம். எடின்பரோவின் பழைய தெருக்களைச் சீரமைத்ததும் இந்தியாவில் ஊர் ஊராக நடந்ததும் அந்த மீதி மாதங்கள் கொடுத்தவை. 1919இல் பம்பாய்ப் பல்கலைக்கழகம் சமூகவியல் துறை தொடங்கியபோது அதன் முதல் பேராசிரியராக அவரை அழைத்தது. ஐந்தாண்டுகள் இருந்தார். அங்கே அவருக்கு அடுத்து வந்தவர் குர்யே, குர்யேயின் மாணவர்களில் ஒருவர் எம்.என்.சீனிவாஸ். இந்தியச் சமூகவியலின் ஒரு பெரிய கிளையே அந்த ஐந்தாண்டுப் பதவியிலிருந்து கிளைத்தது.

கெடஸ் இன்று கிண்டியில் உதவிப் பேராசிரியர் பணிக்கு விண்ணப்பித்தால், சான்றிதழ் சரிபார்ப்போடு திருப்பி அனுப்பிவிடுவார்கள். தகுதி விதிகளே வேண்டாம் என்று நான் சொல்ல வரவில்லை. நூறு பேர் போட்டியிடும் அரசுப் பணியில் விதி இல்லையென்றால் சிபாரிசுதான் ஆளும், அது இன்னும் மோசம். என் வருத்தம் வேறு. ஒரு ஊரோடு நீண்ட காலம் இருப்பதற்கான நேரத்தையும் சுதந்திரத்தையும் ஒரு பேராசிரியர் பதவியால் தர முடியும் என்பது டண்டீயில் நிரூபணமான விஷயம். நம்முடைய விதிகளில் அதற்கான பத்தி இல்லை.

திரும்பிப் போய்ப் பார்க்கிற வேலை

சென்னையிலேயே இதற்கு நல்ல முன்மாதிரி உண்டு. அது நகரத் திட்டமிடலில் இல்லை, பொருளாதாரத் துறையில் இருக்கிறது. 1915இல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் இந்தியப் பொருளாதாரப் பேராசிரியராக வந்தவர் கில்பர்ட் ஸ்லேட்டர். புத்தகத்திலிருந்து பாடம் நடத்தப் பிடிக்காமல், மாணவர்களை விடுமுறைக்கு அவரவர் ஊருக்குப் போய் சர்வே எடுத்துவரச் சொன்னார். தென்னார்க்காட்டு இருவேல்பட்டு, வடார்க்காட்டு தூசி, தஞ்சைப் பக்கத்துப் பாலக்குறிச்சி, நெல்லைச் சீமையின் கங்கைகொண்டான், ராமநாதபுரத்து வடமலைபுரம் முதலிய ஊர்களின் கணக்கு 1918இல் புத்தகமாக வந்தது. அதன் முழு அருமை பிறகுதான் தெரிந்தது. 1930களில் அடுத்த தலைமுறைப் பேராசிரியர்கள் அதே ஊர்களுக்கு மறுபடி போனார்கள். 1980களில் மிட்ஸ் என்று நாம் சொல்லும் சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தின் எஸ்.குகன் உள்ளிட்டோர் இருவேல்பட்டுக்குப் போனார்கள். இந்த நூற்றாண்டிலும் போயிருக்கிறார்கள். நிலம் யார் கையிலிருந்து யார் கைக்குப் போனது, கூலி எப்படி மாறியது என்று ஏறக்குறைய நூறாண்டுக் கதையை ஒரே ஊரில் நின்று பார்க்க முடிகிறது. எந்த ஒரு ஆசிரியரின் ஆயுளுக்கும் எட்டாததை, பல்கலைக்கழகம் என்ற தொடர்ச்சி எட்டிப் பிடித்தது.

நகரத்தில் இந்த வேலை எவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரே ஒரு எடுத்துக்காட்டு போதும். 1977இல் உலக வங்கிக் கடனோடு சென்னையில் ஒரு புதிய முறை வந்தது. ஏழைகளுக்கு வீடு கட்டித் தருவதற்குப் பதிலாக, சிறு மனையும் தண்ணீர், கழிவுநீர், சாலை வசதியும் கொடுத்துவிடுவது, வீட்டை அவர்களே கையில் காசு வரும்போது கட்டிக்கொள்வது. அரும்பாக்கம், வில்லிவாக்கம், கொடுங்கையூர் இந்த மூன்றும் முதலில் போட்டவை. சிறு மனைகளுக்கு நடுவே பெரிய மனைகளையும் கடை மனைகளையும் கலந்து போட்டார்கள், பெரிய மனை விற்ற காசு சிறிய மனையின் விலையைத் தாங்கியது. முதல் சில வருடங்களில் மனைகள் காலியாகக் கிடந்தன. ஊருக்கு வெளியே யார் போவார்கள் என்றார்கள். வங்கியும் நிபுணர்களும் இது தோற்றுப்போன முறை என்று முடிவு கட்டி, உலகம் முழுவதும் மெல்லக் கைவிட்டார்கள். திட்டங்கள் முடிந்து இருபது வருடத்துக்குப் பிறகு சென்னையிலும் மும்பையிலும் அதே இடங்களுக்குத் திரும்பிப் போன ஓர் ஆய்வு 2018இல் வெளியானது. அவர்கள் பார்த்தது தோல்வியை அல்ல. வெவ்வேறு வருமானக்காரர்கள் ஒன்றாக வாழும், மரமும் கடையும் பள்ளியும் கூடிய, நன்றாக நடமாடும் பகுதிகளை. அரும்பாக்கம் பக்கம் போய் வந்தவர்களுக்கு இது ஆச்சரியமாகவே இருக்காது.

சீக்கிரம் தீர்ப்பு சொன்னதால் வந்த நட்டம் சிறியதல்ல. அந்த முறையை விட்டுவிட்ட நகரம், 2000இலிருந்து கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம் என்று நகர விளிம்பில் அடுக்குமாடிகளைக் கட்டி, கூவம், அடையாறு கரைகளில் இருந்த குடும்பங்களைக் கொண்டுபோய் விட்டது. அரும்பாக்கத்தை ஐந்து வருடத்துக்கு ஒருமுறை யாராவது ஒரு துறை ஸ்டூடியோவாக எடுத்து, பழைய கணக்கோடு ஒப்பிட்டு, சிஎம்டிஏ மேசையில் வைத்துக்கொண்டே இருந்திருந்தால் விவாதம் வேறு மாதிரி நடந்திருக்கும் என்று நான் உறுதியாக நம்புகிறேன். ஒவ்வொரு தொகுதி மாணவர்களும் புது இடம், புதுத் தலைப்பு தேட வேண்டும் என்பது நம் வழக்கம். பழைய இடத்துக்கே போவது சோம்பேறித்தனமாகப் பார்க்கப்படுகிறது. அதிலிருந்து வரும் அறிக்கைகளோ ஜூரி என்கிற இறுதி மதிப்பீடு முடிந்ததும் அலமாரிக்குப் போய்விடுகின்றன.

பேசாமல் இருப்பதற்கான காரணங்கள்

பேராசிரியர்கள் ஏன் இன்னும் சத்தமாகப் பேசுவதில்லை என்று பலரும் கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான், ஆனால் அவர்கள் நிற்கும் இடத்தையும் பார்க்க வேண்டும். ஆய்வுக்கு வேண்டிய தரவு அரசிடம் இருக்கிறது. துறைக்கு வரும் ஆலோசனைப் பணிகளில் பெரும்பகுதி அரசுத் துறைகளிடமிருந்து வருகிறது. மாணவர்களுக்கு வேலை கிடைப்பதும் அங்கேதான். ஒரு மேம்பாலமோ மறுகுடியமர்வோ தவறு என்று ஒருவர் பத்திரிகையில் எழுதினால், அடுத்த வருடம் அவருடைய மாணவர் வரைபடம் கேட்டுப் போகும்போது கதவு மெதுவாகத் திறக்கும். 1990களின் இறுதியில் நகர் ஊரமைப்புச் சட்டத்தில் 113ஏ பிரிவைச் சேர்த்து, விதி மீறிய கட்டிடங்களைக் கட்டணம் வாங்கிக்கொண்டு முறைப்படுத்தலாம் என்று ஆக்கினார்கள். அதன் பிறகு பக்க இடைவெளி விதியை வகுப்பில் நடத்திய ஆசிரியரின் நிலைமையை எண்ணிப் பாருங்கள். மாணவர் தி.நகர் உஸ்மான் ரோட்டுக் கட்டிடங்களைக் காட்டிக் கேட்பார். பதில் சொல்ல வேண்டும், பதிலை வகுப்போடு நிறுத்திக்கொள்ளவும் வேண்டும். இந்தத் துறையில் பலருடைய கூர்மையான கட்டுரைகள் ஓய்வுக்குப் பிறகு வருவது தற்செயல் அல்ல. முப்பது வருடம் சேர்த்து வைத்தது அப்போதுதான் வெளியே வருகிறது, அதற்குள் பிளானின் காலமும் முடிந்துவிடுகிறது.

ஆள் பற்றாக்குறையும் இதோடு சேர்கிறது. நிதி ஆயோக் 2021இல் வெளியிட்ட அறிக்கையின்படி நாட்டின் மாநில நகரமைப்புத் துறைகளுக்கு 12,000க்கும் மேற்பட்ட பிளானர்கள் தேவை. ஒப்புதல் பெற்ற பணியிடங்கள் 3,945, அதிலும் 42 சதவீதம் காலி. நாட்டில் உள்ள 7,933 நகரக் குடியிருப்புகளில் 65 சதவீதத்துக்கு மாஸ்டர் பிளானே கிடையாது. பிளானர் பணிக்கே திட்டமிடல் பட்டம் கட்டாயத் தகுதி இல்லாத மாநிலங்கள் இருப்பதையும் அந்த அறிக்கை சொன்னது. கற்பிக்கிறவர் எத்தனை பேரைத் தயார் செய்தாலும், உட்கார நாற்காலி இல்லையென்றால் அவர்கள் வேறு பக்கம்தான் போவார்கள்.

என்ன செய்யலாம் என்பது கடினமான புதிர் இல்லை. பழைய ஸ்டூடியோ இடத்துக்குத் திரும்பிப் போய் எடுக்கும் மறுசர்வேயை, ஆய்விதழ்க் கட்டுரைக்குச் சமமான பணியாக விதிகளில் சேர்க்கலாம். மாஸ்டர் பிளான் வரைவுக்கு ஆதாரத்தோடு எழுதிக் கொடுக்கும் ஆட்சேபனையையும், வார்டு மக்களுக்காகத் தமிழில் எழுதும் விளக்கத்தையும் மதிப்பெண்ணில் கணக்கிடலாம். இப்போது இரண்டுக்கும் மதிப்பில்லாததால், உதவிப் பேராசிரியர் ஒருவர் அந்த நேரத்தில் வெளிநாட்டு ஆய்விதழுக்கு எழுதுவதே புத்திசாலித்தனம். அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஸ்டூடியோ அறிக்கைகளை எல்லாரும் பார்க்கும்படி நூலகத்தில் வைப்பதற்கு யாருடைய ஒப்புதலும் பெரிதாகத் தேவைப்படாது. தனி நபர் விவரங்களை மட்டும் நீக்கிவிட்டால் போதும்.

இதையெல்லாம் இப்போதே செய்ய ஒரு காரணம் இருக்கிறது. 1,189 சதுர கிலோமீட்டராக இருந்த சென்னைப் பெருநகரப் பகுதியை 2022இல் 5,904 சதுர கிலோமீட்டராக விரித்தார்கள். அரக்கோணம் வரை அது போகிறது. புதிதாகச் சேர்ந்த கிராமங்கள் பலவற்றில் ஏரியில் இன்னும் தண்ணீர் நிற்கிறது, மதகு வேலை செய்கிறது, அ பதிவேடும் நேரில் பார்ப்பதும் ஒத்துப்போகின்றன. மனைப்பிரிவுக் கற்கள் வருவதற்கு முன் அங்கே எடுக்கும் சர்வேதான் பின்னால் எல்லா வாதத்துக்கும் அடிப்படைக் கணக்காக இருக்கும். அதை அடுத்த பருவத்து ஸ்டூடியோவிலேயே தொடங்கலாம். 2036இல் அதே புல எண்களுக்குத் திரும்பிப் போகும் பொறுப்பு எந்த ஆசிரியருக்கு, அவர் போன பிறகு யாருக்கு என்பதையும் துறையின் ஏட்டில் இன்றே எழுதி வைக்கலாம்.